நூற்றுப் பதினேழாம் டப்பாவின் வெள்ளை நாடா

மார்ச் 4, செவ்வாய்.
இன்றைய பிழை: 117ஆம் டப்பாவுக்குச் சிவப்பு நாடா ஒட்ட வேண்டிய இடத்தில் வெள்ளை நாடா ஒட்டிவிட்டேன் என்று நினைக்கிறேன். மணி ஐந்தே முக்கால் ஆகிவிட்டிருந்தது.
நாளைய வேலை: காலையில் முதல் காரியமாக அதை மாற்றுவது.

எழுதி முடித்துவிட்டு, ‘சிறிய பிழைதான்’ என்று ஓரத்தில் சேர்த்தாள். சேர்த்ததும், தனக்குத் தானே சலுகை கொடுத்துக்கொள்வதுபோலத் தோன்றியது. அடித்தாள். அடித்த கோடு கோணலாகப் போய்ப் பக்கமே அசிங்கமாகிவிட்டது. அவளுக்கு எப்போதும் இப்படித்தான் ஆகும்.

படச் சேமிப்பகத்தில் அவள் தற்காலிக உதவியாளர். மாலையில் ஆவணப் பராமரிப்புச் சான்றிதழ் வகுப்பு. வகுப்பு நடப்பது ஒரு தொடக்கப் பள்ளியில். முழங்காலைத் தாடைவரை மடக்கிக்கொண்டால்தான் அந்த பெஞ்சில் உட்கார முடியும். எல்லாரும் நாட்குறிப்பு எழுத வேண்டும், முதல் வரியில் அன்றைய பிழை, கடைசி வரியில் நாளைய வேலை என்று ஆசிரியர் முதல் நாளே சொல்லிவிட்டார். மற்றவர்கள் இரண்டு வாரத்தில் கைகழுவிவிட்டார்கள். ஆசிரியர் எதையும் படிப்பதில்லை, மூலையில் ஒரு டிக் போட்டுத் திருப்பித் தந்துவிடுவார் என்பது அவர்களுக்குத் தெரிந்துபோயிற்று. அவளுக்கும் தெரியும். ஆனாலும் எட்டு மாதமாக ஒரு நாள்கூட விடவில்லை. எழுதுவதற்குப் பிழைகளும் குறைவில்லாமல் கிடைத்துக்கொண்டிருந்தன. அலுவலகத்தில் அவளுக்கு ‘டைரி’ என்றே பெயர் விழுந்துவிட்டது.

நாடா விஷயத்தை இங்கேயே சொல்லிவிட வேண்டும். இந்தக் கதைக்குத் தேவையான தொழில் நுணுக்கம் அது ஒன்றுதான். ஃபிலிம் சுருளில் படத்தின் தொடக்கம் வெளிப்பக்கம் இருந்தால் வெள்ளை நாடா. முடிவு வெளிப்பக்கம் இருந்தால் சிவப்பு. சிவப்பைக் கண்டால், ஓட்டுகிறவர் முதலில் சுருளைத் திருப்பிச் சுற்றிக்கொள்வார். வெள்ளையைக் கண்டால் அப்படியே மாட்டிவிடுவார்.

117ஆம் டப்பா, மூடப்பட்ட ஏதோ ஓர் அலுவலகத்தின் கிடங்கிலிருந்து வந்த நாற்பதில் ஒன்று. துருப்பிடித்து, பெயர்ச்சீட்டு உதிர்ந்து, திறந்தால் வினிகர் நாற்றம் மூக்கைத் துளைத்தது. தொடக்கப் பகுதி ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு கெட்டுப்போயிருந்தது. விதிப்படி அதை வெட்டி, பழுப்பு உறையில் போட்டு, உறையில் 117 என்று எழுதினாள். மிச்சத்தை இந்தச் சுருளிலிருந்து அந்தச் சுருளுக்குச் சுற்றி, துளை ஓரங்களை விரலால் தடவிச் சோதித்தாள். சுற்றி முடித்தபோது முடிவு வெளிப்பக்கம் வந்துவிட்டது. திருப்பிச் சுற்ற வேண்டும். இல்லையென்றால் சிவப்பு ஒட்ட வேண்டும். சுவர்க் கடிகாரம் ஐந்தே முக்காலைக் காட்டியது. ஆறு அடித்தால் வகுப்பாசிரியர் கதவைச் சாத்திவிடுவார். கை இழுப்பறைக்குள் போயிற்று. மேலே கிடந்த நாடாவை எடுத்து ஒட்டிற்று.

மறுநாள் அவள் ஒன்பது மணி அலுவலகத்துக்கு எட்டரைக்கே போய்விட்டாள். அலமாரியில் 116 இருந்தது. 118 இருந்தது. நடுவில் துருவால் ஆன ஒரு வட்டம்தான் இருந்தது.

“அத மேடம் காலையிலயே எடுத்துட்டு வரச் சொல்லிட்டாங்களே,” என்றார் ஸ்கேனர் அண்ணன். சுருள்களைக் கணினியில் ஏற்றுகிறவர் அவர். “ஸ்கேனும் பண்ணிட்டேன். படம் தலைகீழா வந்துச்சு, தலை கீழ, கால் மேல. கம்ப்யூட்டர்ல நிமிர்த்தி வச்சிட்டேன்.”

“எதனால தலைகீழா வந்துச்சுன்னு பாத்தீங்களாண்ணே?”

“எட்டு மணிக்குக் கூப்பிட்டு ஒன்பது மணிக்கு வேணும்னா, எதனாலன்னு பாக்க நான் என்ன டாக்டரா? சத்தமும் ஒண்ணும் புரியல. பழசு, கெட்டுப்போயிருக்கும்.”



அவசரத்துக்குக் காரணம் இருந்தது. சேமிப்பகம் ஆண்டுதோறும் ‘தொலைந்த படங்கள் வாரம்’ கொண்டாடும். தொலைந்த படத்தை எப்படித் திரையிடுவீர்கள் என்று யாரும் கேட்டதில்லை. போன ஆண்டு ஒரு சாம்பல்நிறச் சுவரைப் பதினோரு நிமிடம் காட்டினார்கள். அதைத் தொகுத்தவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று கையேட்டில் அச்சாகியிருந்தது. தொகுத்தவர் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டிருந்தார். அதற்கு முந்தைய ஆண்டு, இருட்டில் யாரோ மூச்சு விடுகிற படம். எடுத்த மூவரும் மாயமாகிவிட்டார்கள் என்றது கையேடு. மூவரும் இரண்டாம் காட்சிக்கு வந்து அதே கையேட்டில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள். எல்லாம் உள்ளூர் இளைஞர்கள் எடுத்த பரிசோதனைத் திகில் படங்கள்தாம். படம் அவர்களுடையது, சாபம் சேமிப்பகத்தினுடையது. இந்த ஆண்டு வெள்ளி விழா. சாபத்துக்கு ஒரு நிஜமான பழைய சுருள் கிடைத்தால் நன்றாக இருக்கும் என்று மேடம் நினைத்தார். மேடம் என்றால் சேமிப்பகத்தின் தலைவர்.

பதினொரு மணிக்குச் சிறிய அரங்கில் தொலைந்த படங்கள் மீட்புக் குழு கூடியது. மேடம், பேராசிரியர், மேடம் சொன்னால் தலையாட்டுவதற்கென்று இருவர். பதிவேட்டைப் பிடித்துக்கொண்டு அவள் கதவோரம் நின்றாள்.

விளக்கு அணைந்தது. திரையில் முதலில் ‘முற்றும்’ என்று வந்தது.

பேராசிரியர் நாற்காலியின் நுனிக்கு நகர்ந்தார்.

வெள்ளை மேலங்கி போட்ட ஓர் இளம்பெண். மடியில் ஒரு குழந்தை, சுத்தமான முகத்தோடு சிரித்துக்கொண்டிருந்தது. அவள் ஒரு துணியைக் கொண்டு வந்து அதன் வாயில் அழுத்தி எடுத்தாள். எடுத்தபோது வாய் முழுக்க அழுக்காகிவிட்டது. பிறகு கரண்டியைக் குழந்தையின் வாயில் வைத்தாள். குழந்தையின் வாயிலிருந்து எதுவோ கரண்டிக்கு வந்தது. அதைக் கிண்ணத்தில் போட்டாள். மறுபடி கரண்டி, மறுபடி வாய், மறுபடி கிண்ணம். கிண்ணம் நிறைய நிறையக் குழந்தையின் சிரிப்பு வற்றியது. தாடையில் இருந்த கண்ணீர் கன்னத்தில் மேலேறிக் கண்ணுக்குள் புகுந்தது. குழந்தை வீறிட்டது. அவள் அதைத் தூக்கிக்கொண்டு பின்னுக்கு நடந்து, முதுகாலேயே கதவைக் கண்டுபிடித்து, வெளியே போனாள். அடுத்த குழந்தையோடு பின்னுக்கு நடந்தே உள்ளே வந்தாள். இப்படி எட்டுக் குழந்தைகள். ஒவ்வொரு கரண்டிக்கும் பிறகு அவள் வாயைத் திறந்து ஒரே ஓசையை எழுப்பினாள். அது எந்த மொழியிலும் சேராத ஓசை.

விளக்கு போட்டார்கள். பேராசிரியர் எழுந்து நின்றார். அவர் உட்கார்ந்தபடி பேசி யாரும் பார்த்ததில்லை.

“கவனிச்சீங்களா? படம் ‘முற்றும்’னு ஆரம்பிக்குது! முடிவுல ஆரம்பிக்கிற துணிச்சல் யாருக்கு வரும்? ஒருத்தருக்குத்தான். இது ‘ஒன்பதாம் வாய்’.”

‘ஒன்பதாம் வாய்’ முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன் தொலைந்துபோன திகில் படம். அதைப் பற்றிய ஒரே ஆதாரம் பேராசிரியரின் கட்டுரை. கட்டுரையின் ஒரே ஆதாரம் பேராசிரியரின் முந்தைய கட்டுரை.

“நீங்க முன்னாடி பாத்திருக்கீங்களா சார்?” என்றார் தலையாட்டுகிறவர்களில் ஒருவர். அன்றைக்கு ஏனோ அவருக்கு வாய் திறந்துவிட்டது.

“பாத்திருந்தா இருபது வருஷமா எழுதியிருக்க முடியுமா?” என்றார் பேராசிரியர். “திரையில எட்டுக் குழந்தை. எட்டு வாய். அப்போ ஒன்பதாவது வாய் எங்க?”

எல்லாரும் அறையைச் சுற்றிப் பார்த்தார்கள்.

“நம்மளுது,” என்றார் பேராசிரியர் மெதுவாக. மேடம் தம் வாயைக் கையால் மூடிக்கொண்டார்.

கதவோரம் நின்றவள் கையை உயர்த்தினாள். “மேடம், அந்த நாடா...”

“டைரி, இந்த மாதிரி நேரத்துல பேசக் கூடாதும்மா. உணரணும்.”

அவள் கையை இறக்கினாள். உயர்த்தியதைவிட வேகமாக இறக்கினாள். அன்று மாலை நாட்குறிப்பில் அதையும் எழுதினாள்.

அதற்குப் பிறகு எல்லாம் மளமளவென்று நடந்தது. வெள்ளி விழாவுக்கு முன்பே தினமும் ஒரு முன்னோட்டக் காட்சி. படத்தைப் பார்க்க வருகிறவர் ஒன்பதாம் எண் படிவத்தில் கையெழுத்திட வேண்டும். அரங்குக்கு முன்னும் பின்னும் ரத்த அழுத்தம் பார்ப்பார்கள். ஏறியிருந்தால் அது சாபத்தின் வேலை. இறங்கியிருந்தால் அது சாபத்தின் ஆழமான வேலை. வாசலில் ஓர் ஆம்புலன்ஸ் நிறுத்தப்பட்டது. ஆம்புலன்ஸைப் பார்த்தே இருவர் மயங்கினார்கள். அவர்களை ஏற்றிக்கொண்டு அது போய்விட்டதால், சேமிப்பகம் இன்னொன்றுக்கு எழுதியது.

பேராசிரியர் சாபத்தின் அறிகுறிகளை நான்காகத் தொகுத்தார்: உறக்கமின்மை, பசியின்மை, பொருள்கள் காணாமல் போதல், படத்தைத் தொட்டவர் தம்மையே குற்றம் சொல்லிக்கொள்ளுதல். இவற்றைப் பதிய ‘சாப நிகழ்வுப் பதிவேடு’ ஒன்று திறக்கப்பட்டது. கையெழுத்து நன்றாக இருக்கிறது என்று அதை அவளிடம் கொடுத்தார்கள். தேதி, நேரம், பாதிக்கப்பட்டவர், சாபத்தின் தன்மை, எடுத்த நடவடிக்கை என்று ஐந்து கட்டம். அவளும் முறையாக நிரப்பினாள். மின்தூக்கி இரண்டாம் மாடியில் நின்றுபோனது. (மூன்று ஆண்டுகளாகவே அங்கேதான் நிற்கிறது.) தட்டச்சருக்கு ஸ்டேப்ளர் விரலில் குத்தியது. மேடத்தின் மகன் இயற்பியலில் தேறவில்லை. எடுத்த நடவடிக்கை என்ற கட்டத்தில், கடைசி நிகழ்வுக்கு, ‘தனிப்பயிற்சி’ என்று எழுதினாள்.

ஐந்து நாள் அவளுக்குச் சரியாகத் தூக்கமில்லை. திங்கட்கிழமை மேடத்தின் அறைக்குப் போய் நின்றாள்.

“மேடம், நான் ஒரு தப்பு பண்ணிட்டேன். அந்தச் சுருளுக்கு நான்தான் வெள்ளை நாடா ஒட்டினேன். சிவப்பு ஒட்டியிருக்கணும். படம் பின்னாலேருந்து முன்னால ஓடுது. அது குழந்தைக்கு ஊட்டுற படம்னு நினைக்கிறேன். எல்லாம் என்னாலதான்.”

மேடம் பேனாவை மூடி வைத்தார். எழுந்து வந்து அவள் நெற்றியில் கை வைத்துப் பார்த்தார்.

“நல்லா தூங்குறியாம்மா?”

“இல்ல மேடம்.”

“சாப்பாடு?”

“இறங்கல மேடம்.”

“ஏதாவது தொலஞ்சுபோச்சா?”

அவள் யோசித்தாள். “ஒரு குடை.”

மேடம் தொலைபேசியை எடுத்துப் பேராசிரியரை அழைத்தார். “சார், நாலும் இருக்கு,” என்றார். அவர் குரல் தழுதழுத்தது.

அவளுடைய வாக்குமூலம் பதினான்காம் நிகழ்வாகப் பதிவானது. பதிவேடு அவள் பொறுப்பு என்பதால் அவளே பதிந்தாள். இரண்டு நாள் விடுப்பு கொடுத்தார்கள். விடுப்பு முடிந்து வந்தபோது மேசையில் ஓர் உத்தரவு இருந்தது: சாபத்தை முதலில் எதிர்கொண்ட ஊழியர் என்ற முறையில் அவருடைய பணி நிரந்தரமாக்கப்படுகிறது. இரண்டு ஆண்டுகளாக எந்தக் கதவைத் தட்டியும் கிடைக்காத உத்தரவு அது. அதை நான்காக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போகிற வழியில், பேருந்து ஜன்னலில் தெரிந்த தன் முகம் லேசாகச் சிரிப்பதைப் பார்த்தாள். சட்டென்று பார்வையைத் திருப்பிக்கொண்டாள். நாட்குறிப்பில் அன்றைய பிழை என்ற இடத்தில் ‘சிரித்தேன்’ என்று ஒரே சொல். மூலையில் ஆசிரியரின் டிக் விழுந்தது.

வெள்ளிக்கிழமை ஊர் முழுக்கச் சுவரொட்டி. வெள்ளை மேலங்கிப் பெண்ணின் முகம், சுவர் அளவுக்கு. வாய் திறந்து, கையில் கரண்டி. கீழே: ‘இவள் ஊட்டுவதில்லை. எடுக்கிறாள்.’ அந்த வரி பேராசிரியருடையது.

திங்கட்கிழமை அக்கா அலுவலகத்துக்கே தொலைபேசியில் கூப்பிட்டாள்.

“ஏய், உங்க ஆபீஸ் போஸ்டர்ல இருக்கிறது யாருன்னு தெரியுமா? நம்ம ஆக்காட்டம்மாடி!”

ஆக்காட்டம்மா, அக்காவின் இரண்டு வயது மகளைப் பகலில் பார்த்துக்கொள்கிறவர். தம் வீட்டு முன்கூடத்தில் குழந்தைக் காப்பகம் நடத்தினார். கரண்டியை நீட்டும்போதெல்லாம் “ஆ காட்டு” என்பார். பேச்சு வராத குழந்தைகள் அதையே அவருக்குப் பெயராக வைத்துவிட்டன. வயது ஐம்பத்தேழு. முப்பத்தைந்து ஆண்டுகளைக் கழித்துப் பார்த்தாள். காதுக்குப் பக்கத்தில் அந்த மச்சம். சனிக்கிழமைதோறும் குழந்தையைக் கூட்டி வரப் போகிறவள், அந்த முகத்தை எத்தனையோ முறை நேருக்கு நேர் பார்த்தவள், அவளே கண்டுபிடிக்கவில்லை.

“பாப்பாவ இன்னிக்கு அனுப்பலடி,” என்றாள் அக்கா. குரலைத் தாழ்த்திக்கொண்டாள். “நான் ஒண்ணும் நம்பல. ஆனா அத்தை பயப்படுறாங்க. எதுக்கு வம்பு, சொல்லு? எல்லாரும் நிறுத்துறாங்க. நான் மட்டும் அனுப்பினா, என்ன அம்மா இவன்னு பேச மாட்டாங்களா?”

அன்று மாலை வகுப்புக்குப் போகாமல் அந்த வீட்டுக்குப் போனாள். கூடத்துச் சுவரில் வரிசையாகப் பன்னிரண்டு கொக்கிகள். ஒவ்வொன்றிலும் ஒரு குழந்தையின் மாற்றுத்துணிப் பை தொங்கும். இப்போது மூன்று பைகள்தான் இருந்தன. மூன்றும் பக்கத்து வீட்டு அண்ணன் தம்பிகளுடையவை. மூன்றையும் சமாளிக்க முடியாமல்தான் அந்த அம்மாவும் அனுப்பினாள்.

ஆக்காட்டம்மா சின்னச் சின்னக் கிண்ணங்களைத் துடைத்து அடுக்கிக்கொண்டிருந்தார். அத்தனையும் ஏற்கெனவே துடைத்தவை.

“வாம்மா. பாப்பாவுக்குக் காய்ச்சலாமே, அக்கா சொன்னாங்க. தேவலையா?”

“தேவலைங்க,” என்றாள். காய்ச்சல் என்று அக்கா சொல்லியிருப்பது அவளுக்கு அப்போதுதான் தெரியும்.

“நீ அங்கதானே வேலை பாக்குற? உன்கிட்டயே கேக்குறேன். நான் அந்தப் படத்துல என்னதான் பண்றேன்?” கிண்ணத்தைக் கீழே வைத்தார். “அப்போ எனக்கு இருபத்திரண்டு. தாய் சேய் நலப் பிரிவுல உதவியாளர். ஒரு நாள் கேமராவோட வந்தாங்க, புள்ளைங்களுக்கு ஊட்டச் சொன்னாங்க. ஊட்டினேன். எட்டும் அழுதுக்கிட்டு வந்துச்சு, எட்டும் சிரிச்சுக்கிட்டுப் போச்சு. படம் வந்ததும் காட்டுறோம்னாங்க. யாரும் காட்டவேயில்ல. இப்ப ஊரே பாத்துட்டு என்னைப் பாத்து ஒதுங்குது. எனக்குத் தெரியாம நான் என்ன பண்ணிட்டேன்?”

“நீங்க ஒண்ணும் பண்ணலைங்க. ஆபீஸ்ல... ஒரு குளறுபடி ஆயிடுச்சு.”

“அப்ப சரி பண்ணிடுவாங்கல்ல? வர்ற திங்கட்கிழமை இன்ஸ்பெக்டர் வர்றார். அஞ்சு குழந்தைக்குக் கீழ இருந்தா லைசன்ஸ ரத்து பண்ணிடுவாங்க. எனக்கு இது தவிர வேற எதுவும் தெரியாதும்மா.”

“சரி பண்ணிடுவாங்க,” என்றாள். அந்த வார்த்தையில் ‘நான்’ எங்கேயும் இல்லை என்பது தெருமுனை திரும்பும்போது உறைத்தது.

புதன்கிழமை குழுக் கூட்டத்துக்கு எழுத்துபூர்வமாகக் கொடுத்தாள். இரண்டு பக்கம், எண்ணிட்ட பத்திகள். இணைப்பாக அந்தப் பழுப்பு உறை. ஒட்டிப்போன துண்டுகளைப் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்து, படத்தின் தலைப்பைக் கண்டுபிடித்திருந்தாள்: ‘குழந்தைக்கு ஊட்டும் முறை. தாய் சேய் நலப் பிரிவு வெளியீடு.’

மேடம் படித்தார். பேராசிரியர் படித்தார். தலையாட்டுகிறவர்கள் படிக்காமலேயே பொதுவாக ஒருமுறை ஆட்டினார்கள்.

“உட்காரும்மா,” என்றார் மேடம். அந்த அறையில் அவளை உட்காரச் சொன்னது அதுதான் முதல் முறை. “நேரா ஓட்டினா இது சுகாதாரத் துறை படம்னு எனக்குத் தெரியாதுன்னு நினைக்கிறியா? ரெண்டாவது தடவை பாக்கும்போதே தெரியும். அந்த மாதிரி படம் நம்ம அடித்தளத்துல நானூறு டப்பா இருக்கு. கை கழுவுறது, பல் தேய்க்கிறது, தண்ணி காய்ச்சுறது. இருபத்தஞ்சு வருஷத்துல ஒருத்தராவது வந்து, அத எடுங்க பாக்கணும்னு கேட்டிருக்காங்களா? இத பின்னாடியிருந்து ஓட்டினோம். ஆறு நாட்டுலேருந்து கடிதம். கூரை ஒழுகுறத சரி பண்ண ஆள் அனுப்பியிருக்காங்க. பாதுகாக்கிறதுதானே நம்ம வேலை? எது பாதுகாக்குதோ அதுதான் சரியான பக்கம்.”

“ஆனா அந்தம்மா உயிரோட இருக்காங்க மேடம். அவங்க காப்பகம்...”

“உயிரோட இருக்காங்களா?” பேராசிரியர் முதல் முறையாக வாடிப்போனார். “அது கொஞ்சம் இடைஞ்சலாச்சே. கட்டுரையில அந்த நடிகை படப்பிடிப்பு முடிஞ்ச அன்னிக்கே...” கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “இதோ பாரும்மா. நான் இருபது வருஷமா யாருமே பாக்காத ஒரு படத்துக்கு நிபுணர். அது எவ்வளவு கஷ்டம் தெரியுமா? பாத்த படத்துக்கு யார் வேணும்னாலும் நிபுணர் ஆயிடலாம். இப்ப படம் கிடைச்சிருக்கு. அத நேரா ஓட்டினா நான் எதுக்கு நிபுணர்? ஊட்டுறதுக்கா?”

குழு ஏகமனதாகத் தீர்மானித்தது. உறை, ‘சுருளின் சபிக்கப்பட்ட பகுதி, திறக்கலாகாது’ என்று அரக்கு முத்திரையிடப்பட்டது. அவளுடைய இரண்டு பக்கங்களும் இருபத்தேழாம் நிகழ்வாகப் பதிவாகின. அவளே பதிந்தாள்.

அன்று சேமிப்பக விதிப் புத்தகத்தை எடுத்துவைத்துக்கொண்டு முதல் பக்கத்திலிருந்து படித்தாள். வேறெதுவும் தோன்றாதபோது அவள் செய்யக்கூடியது அது ஒன்றுதான். இருபத்திரண்டாம் விதியில் விரல் நின்றது: படத்தில் தோன்றிய நபர் கோரினால், அப்படத்தை அவர் இருக்குமிடத்தில் பார்வைக்கு அளிக்கலாம். அந்த விதியை யாரும் பயன்படுத்தியதில்லை. அதற்கான படிவக் கட்டு பிரிக்கப்படாமலேயே இருந்தது. வியாழன் மாலை ஆக்காட்டம்மாவிடம் கையெழுத்து வாங்கினாள். வெள்ளி காலை, மேடத்தின் கையெழுத்துக்குப் போகும் நாற்பது காகிதங்களில் பதினெட்டாவதாக அதைச் செருகினாள். மேடம் நாற்பதிலும் கையெழுத்திட்டார். வகுப்பாசிரியர் டிக் போடுகிற அதே வேகம்.

பிறகு அந்தச் சுருளை மேசையில் மாட்டிக் கைப்பிடியைச் சுற்றினாள். மொத்தம் நான்கு நிமிட வேலை. அந்தச் செவ்வாய்க்கிழமை அவளிடம் இல்லாமல் போன நான்கு நிமிடம்.

புரொஜெக்டர் கனமாக இருந்தது. ஸ்கேனர் அண்ணன் ஒரு பக்கம் பிடித்துக்கொண்டார்.

“தலைகீழா வந்தப்போவே நின்னு யோசிச்சிருக்கணும்,” என்றார். படி வந்ததும் கனமான பக்கத்தைத் தாமே வாங்கிக்கொண்டார்.

சனிக்கிழமை காலை பத்து மணி. கூடத்து ஜன்னல்களில் போர்வை மாட்டி, சுவரில் வெள்ளை விரிப்புக் கட்டினார்கள். வீடு வீடாகப் போய்க் கூப்பிட்டதில் ஒன்பது குடும்பங்கள் வந்திருந்தன. குழந்தையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, கதவுக்குப் பக்கத்திலேயே நின்றார்கள். அக்காவும் வந்திருந்தாள். ஆக்காட்டம்மா கடைசி மூலையில், தம் வீட்டிலேயே விருந்தாளிபோல ஒரு ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார்.

தலைப்பு கெட்டுப்போயிருந்ததால், ஒரு அட்டையில் எழுதி வந்ததை அவளே உரக்க வாசித்தாள்: “குழந்தைக்கு ஊட்டும் முறை.” புரொஜெக்டர் தடதடத்தது.

கதவு திறந்தது. வெள்ளை மேலங்கிப் பெண் அழுகிற குழந்தையோடு முன்னுக்கு நடந்து வந்தாள். மடியில் இருத்தினாள். மசித்த பழத்தைக் கரண்டியில் எடுத்தாள். கண்ணிலிருந்து புறப்பட்ட கண்ணீர், எல்லாக் கண்ணீரையும்போலக் கீழே இறங்கியது.

“ஆ காட்டு,” என்றாள் திரையில் இருந்தவள்.

கூடத்தில் இருந்த அத்தனை குழந்தைகளும் வாயைத் திறந்தன.

முதலில் யாரோ ஓர் அப்பா கிளுக்கென்று சிரித்தார். அடுத்த கரண்டி, அடுத்த “ஆ காட்டு”, மறுபடி பதினொரு வாய்கள். அக்காவின் மகள் வாயைத் திறந்து வைத்துக்கொண்டு, கரண்டி எங்கே என்று மூலையில் இருந்த ஸ்டூலைத் திரும்பிப் பார்த்தாள். அதற்குப் பிறகு யாருக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை. எட்டாவது குழந்தை துடைத்த முகத்தோடு சிரித்தது. ‘முற்றும்’ என்று வந்தது, வர வேண்டிய இடத்தில்.

“எனக்கு எவ்வளவு முடி இருந்திருக்கு!” என்றார் ஆக்காட்டம்மா. கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ஒருவரும் மன்னிப்புக் கேட்கவில்லை. போர்வையை அவிழ்க்க உதவினார்கள். “திங்கட்கிழமை எட்டரைக்குக் கொண்டு வந்து விடட்டுங்களா?” என்று மேல்கூரையைப் பார்த்துக் கேட்டார்கள். சிலர் பையைக் கையோடு கொண்டு வந்திருந்தார்கள். பார்த்துவிட்டு முடிவு செய்யலாம் என்று வாசலில் செருப்புகளுக்குப் பக்கத்தில் வைத்திருந்தார்கள். ஒவ்வொன்றாகக் கொக்கியில் ஏறின. நான்கு. ஐந்து. அக்கா தன் மகளின் பையை மாட்டினாள். “காய்ச்சல் விட்டுடுச்சும்மா,” என்றாள், யாரும் கேட்காமலே. ஆறு. ஏழு.

சுருளை டப்பாவில் வைத்து மூடியபோது, ஆக்காட்டம்மா பக்கத்தில் வந்து நின்றார்.

“ஒரு நாடாவ மாத்தி ஒட்டினதுக்கா இவ்வளவும்? யாரும்மா ஒட்டினது?”

ஸ்கேனர் அண்ணன் வயரைச் சுற்றுவதை நிறுத்தினார்.

மேடத்திடம் சொல்லியாயிற்று, குழுவிடம் சொல்லியாயிற்று, பதிவேட்டில் இரண்டு முறை தன் கையாலேயே எழுதியாயிற்று. ஆயிரம் தடவை சொன்னதுபோல அந்த வாக்கியம் நாக்கிலேயே இருந்தது.

“ஆபீஸ்ல... யாரோ,” என்றாள்.

“பாவம், ஏதோ அவசரமா இருந்திருக்கும்,” என்றார் ஆக்காட்டம்மா. “யாரா இருந்தாலும் ரொம்பத் திட்டிடாதீங்க, என்ன?” அவள் தலையைத் தடவிவிட்டு, கிண்ணம் அடுக்கப் போனார்.

மதியம் சேமிப்பகத்தில் முப்பத்தோராம் நிகழ்வு பதிவானது: பாதுகாப்பு ஏற்பாடுகள் இன்றிச் சுருள் நேராக ஓட்டப்பட்டது, பார்த்தவர் அனைவரும் நலமாக உணர்வதாகத் தெரிவிக்கின்றனர், தொடர்ந்து கண்காணிக்கப்படும். வெள்ளி விழாத் திரையிடல் குறித்தபடி நடக்கும் என்றார் மேடம். இரண்டாவது ஆம்புலன்ஸ் வந்து வாசலில் நின்றது.

அவள் வீட்டுக்கு வந்து மேசை முன் உட்கார்ந்தாள். பணி நிரந்தர உத்தரவு இன்னும் அந்த நான்கு மடிப்போடு நாட்குறிப்புக்குள் இருந்தது. எடுத்து ஓரமாக வைத்தாள்.

மார்ச் 22, சனி.
இன்றைய பிழை: யார் ஒட்டியது என்று அவர் கேட்டபோது ‘யாரோ’ என்றேன்.
நாளைய வேலை: காலை எட்டு மணிக்கு அவர் வீட்டுக்குப் போவது. அக்காவைக் கூட்டிக்கொண்டு போகக் கூடாது. உட்காரச் சொல்வார், உட்காருவதற்கு முன்பே, வெள்ளை நாடாவை ஒட்டியது நான் என்று சொல்வது.